முன்கையின் எந்தப் பக்கம்?

காசநோய்க்கான மன்ரூ சோதனை செய்யும் எவரும் 'வோலர்' என்ற ஆங்கில அடைமொழியை ஒரு முறையாவது கடந்து வந்திருப்பார். முன்கையின் வோலர் மேற்பரப்பில், தோலுக்குள்ளேயே நிற்கும்படி 0.1 மில்லிலீற்றர் ரியூபர்குலினை ஏற்றவேண்டும் என்று கைந்நூல்கள் சொல்லும். 48 முதல் 72 மணித்தியாலங்களுக்குள் அங்கு எழுந்த தடிப்பை விரலால் தடவிப் பார்த்து அளக்கிறோம். அந்தப் பக்கத்தில் மயிர் குறைவு, தோல் மெல்லியது, நிறமும் சற்று வெளிறியது. அதனால் சிறிய தடிப்பும் தப்பாமல் அகப்படும். இவ்வளவு காரணத்தோடு தெரிந்தெடுத்த இடத்தைத் தமிழில் எழுதும்போது மட்டும் 'முன்கையின் உட்பக்கம்' என்று போட்டுவிடுகிறோம். இது திருத்தப்பட வேண்டிய பழக்கம் என்று இந்த இதழ் கருதுகிறது.

'உட்பக்கம்' எங்கே இருக்கிறது? எழுந்து நின்று கைகளை இயல்பாகத் தொங்கவிட்டால் உள்ளங்கை தொடையைப் பார்க்கும். உடலை நோக்கியிருக்கும் அந்தப் பக்கமே நோயாளருக்கு உட்பக்கம். உடலமைப்பியல் படித்தவருக்கோ உடல் வேறு விதமாக நிற்கிறது. பாடநூல் மனிதர் உள்ளங்கைகளை முன்னே விரித்துக்கொண்டு நிற்பவர். அவருடைய முன்கையின் உட்பக்கம் சின்னிவிரலின் பக்கம், அரந்தி என்பு ஓடுகிற பக்கம். ஒரே சொல்லுக்குள் தொண்ணூறு பாகை வித்தியாசம் ஒளிந்திருக்கிறது.

இது வெறும் சொல்லாராய்ச்சி என்று யாரும் ஒதுக்கிவிட வேண்டாம். "கை உள்பக்கம் விறைக்குது, தங்கச்சி" என்று ஒரு தாய் வந்து சொல்கிறார். பெருவிரல், சுட்டுவிரல், நடுவிரல் என்று உள்ளங்கைப் பக்கம் விறைத்தால் மணிக்கட்டில் நடுநரம்பு நெருக்கப்படுகிறதா என்று பார்ப்போம். சின்னிவிரலும் மோதிரவிரலின் பாதியும் விறைத்தால் அரந்தி நரம்பை முழங்கையிலிருந்து தேடிக்கொண்டு வருவோம். இரண்டும் வேறு நோய்கள், சத்திரசிகிச்சை தேவைப்பட்டால் வெட்டும் இடமும் வேறு. பரிந்துரைக் கடிதத்தில் 'உட்பக்க விறைப்பு' என்று மட்டும் எழுதினால் வாசிப்பவர் ஒன்றும் அறியார். கொழும்பில் அந்தச் செய்தி தமிழிலிருந்து சிங்களத்துக்கும் அங்கிருந்து ஆங்கிலத்துக்கும் வாய்மொழியாகவே தாவுகிறது. தொடக்கத்தில் இருந்த மயக்கம் ஒவ்வொரு தாவலிலும் வளரும்.

ஆங்கிலச் சொல்லின் கதையும் சிக்கலற்றதல்ல. லத்தீனில் 'வோலா' என்பது கையின் குழிவையும் காலடியின் குழிவையும் ஒருங்கே குறித்தது. 1895ஆம் ஆண்டு பாசல் நகரில் வகுக்கப்பட்ட உடலமைப்பியற் பெயர்த்தொகுதி, கையிலுள்ள நாடி வளைவுகளுக்கும் தசைகளுக்கும் இந்த அடைமொழியைத்தான் சூட்டியது. கிரேயின் உடலமைப்பியல் நூலின் பழைய பதிப்பு வைத்திருப்பவர்கள் இதைப் பார்க்கலாம். 1955இல் பாரிசில் ஏற்கப்பட்ட தொகுதி அதைக் கைவிட்டு, கைக்குப் 'பாமர்' என்று வைத்துக்கொண்டது; காலுக்குப் 'பிளான்ரர்' என்ற அடைமொழி பாசல் தொகுதியிலேயே இருந்தது. ஆனாலும் வோலர் மறையவில்லை. கைச் சத்திரசிகிச்சையாளரும் தோல் வைத்தியரும் விரற்பதிவு ஆய்வாளரும் அதை விடாமல் வைத்திருக்கிறார்கள். உள்ளங்கை விரலடியோடு நின்றுவிடுகிறது. வோலர் என்ற அடைமொழியோ விரல் நுனியிலிருந்து மணிக்கட்டைக் கடந்து முழங்கை மடிப்பு வரை ஒரே பக்கத்தைத் தொடர்ந்து காட்டுகிறது. அவர்களுக்கு அதுதான் வேண்டியிருந்தது.

எலும்பு முறிவில் இந்தத் தொடர்ச்சியின் பயன் தெளிவாகத் தெரியும். வெள்ளவத்தை அடுக்குமாடிக் குளியலறையில் வழுக்கி, கையை ஊன்றி விழுந்த முதிய அம்மாவின் மணிக்கட்டைப் பார்க்காத வைத்தியர் நம்மில் இல்லை. ஆரை என்பின் கீழ்முனை முறிந்து புறங்கைப் பக்கமாகச் சாய்ந்தால் அது கொலிஸ் முறிவு. டப்ளின் சத்திரசிகிச்சையாளர் ஏபிரகாம் கொலிஸ் 1814இல் அதை விவரித்தார். உள்ளங்கைப் பக்கமாகச் சாய்ந்தால் அதற்கு வேறு பெயர், வேறு சிகிச்சை. ஒரு காலத்தில் உலோகத் தகட்டைப் புறங்கைப் பக்கம் வைத்தார்கள். அங்கே நீட்டுதசைகளின் நாண்கள் என்பை ஒட்டியே ஓடுவதால் தகட்டில் உரசித் தேய்ந்தன, சிலருக்கு அறுந்தும் போயின. வோலர் பக்கத்தில் என்பு தட்டையானது, தகட்டுக்கும் நாண்களுக்கும் நடுவே ஒரு தசை மெத்தைபோல் படுத்திருக்கிறது. இந்த நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து வோலர் தகடே பரவலாகிவிட்டது. சத்திரசிகிச்சைக்கு ஒப்பம் வாங்கும்போது "உள்பக்கம் வெட்டுவோம்" என்று சொல்லிவிட்டு நகர்வது நோயாளருக்குச் செய்யும் நீதியல்ல. தழும்பு எங்கே வரும் என்று அவர் கையைத் தொட்டே காட்டலாம்.

முறிவு நெரிவு வைத்தியரிடம் போய் இறுக்கமாகக் கட்டு வாங்கி, விரல்கள் வீங்கி, கொட்டாஞ்சேனையிலிருந்தும் மட்டக்குளியிலிருந்தும் பிந்தி வந்து சேர்பவர்கள் உண்டு. அவர்களுக்கு முதலில் சாவது முன்கையின் வோலர் அறையிலுள்ள மடக்குதசைகள். 1881இல் ஃபோக்மன் விவரித்த தசைச்சுருக்கம் இதுதான். விரலை நீட்டும்போது முன்கையின் எந்தப் பக்கம் வலி கொல்கிறது என்று தாதி கேட்டுச் சரியாகக் குறித்துவைத்தால், அந்தக் கை பிழைக்க இடமுண்டு.

இந்தப் பெயர்த்தொகுதிகள் பிரித்ததைத் தமிழ் ஒருபோதும் பிரித்ததில்லை. உள்ளங்கை, உள்ளங்கால், புறங்கை, புறங்கால். ஒரே அடை இரண்டு உறுப்புகளுக்கும் ஒத்து வருகிறது. சிங்களத்தில் உள்ளங்கை 'அத்ல', உள்ளங்கால் 'யட்டிபதுல'. இரண்டும் ஒட்டாத சொற்கள். தமிழின் இந்த இணைப்புக்குக் கருவியலிலும் ஆதாரம் உண்டு. கையும் காலும் ஒரே மாதிரியான அரும்புகளாகவே முளைக்கின்றன. பிறகு கை வெளிப்புறமாகவும் கால் உட்புறமாகவும் திரும்புகின்றன. முழங்கை பின்னே நோக்க, முழங்கால் முன்னே நோக்குவது இந்தத் திருப்பத்தால்தான். திரும்பிய பிறகும் உள்ளங்கையும் உள்ளங்காலும் ஒன்றுக்கொன்று நேரான பரப்புகளாகவே நிற்கின்றன. இரண்டிலும் மயிர் இல்லை, எண்ணெய்ச் சுரப்பி இல்லை. வியர்வைச் சுரப்பிகள் நெருக்கமாக உள்ளன, மேற்தோல் தடித்து வரிவரியாகக் கிடக்கிறது. கருவில் இவ்விடங்களில் மெத்தைகள்போல் புடைப்புகள் எழுந்து அமிழ்கின்றன. ஏறக்குறைய பத்தாம் வாரத்தில் தொடங்கும் வரிகளின் கோலம் அந்தப் புடைப்பின் உயரத்தையும் சார்ந்தது. ஹரல்ட் கமின்சும் சாள்ஸ் மிட்லோவும் 1943இல் வெளியிட்ட நூலின் தலைப்பே விரற்பதிவு, உள்ளங்கை, உள்ளங்கால் மூன்றையும் சேர்த்துச் சொல்கிறது.

நம்முடைய நோயாளர்களும் சேர்த்தே சொல்கிறார்கள். "உள்ளங்கை உள்ளங்கால் எரியுது" என்றால் நீரிழிவைப் பார்க்கிறோம். டெங்குக் காய்ச்சல் தணிந்த பின் "உள்ளங்கையும் உள்ளங்காலும் ஒரே கடி" என்று பிள்ளை அழுதால், அது மீட்சிக் காலத்து அரிப்பு என்று பெற்றோரைத் தேற்றுகிறோம். அதே முறைப்பாட்டைக் கர்ப்பத்தின் கடைசி மாதங்களில் ஒரு பெண் சொன்னால், தோலில் தடிப்பு எதுவும் இல்லாவிட்டால், தேற்றி அனுப்பக் கூடாது. பித்தம் தேங்கும் நோய் அப்படித்தான் தொடங்கும். அது வயிற்றிலுள்ள பிள்ளையைப் பாதிக்கக்கூடியது. பித்த அமிலத்தையும் ஈரல் சோதனைகளையும் கேட்க வேண்டும். இங்கே மக்களின் சொல்லே சரியான நோயறிகுறி. அதைக் 'கைகால் அரிப்பு' என்று சுருக்கி எழுதுகிறவர் ஒரு தடயத்தை அழிக்கிறார்.

உடலைப் பற்றித் தமிழில் எழுதியவர்கள் நமக்கு முன்னும் இருந்தார்கள். 1847இல் யாழ்ப்பாணம் வந்து மானிப்பாயில் வைத்தியம் கற்பித்த சாமுவேல் பிஸ்க் கிரீன், 1872இல் 'மனுஷ அங்காதிபாதம்' என்ற பெரு நூலைத் தமிழில் கொண்டுவந்தார். கொழும்பில் மருத்துவக் கல்லூரி தொடங்கியது 1870இல், ஆங்கிலத்தில். அங்காதிபாதத்துக்கு வடமொழியையும் 'கெமிஸ்தம்' என்ற நூலுக்கு ஆங்கிலத்தையும் தயங்காமல் எடுத்தாண்டவர் கிரீன். சொல் எந்த மொழியினது என்பதைவிட மாணவர் உடலை அறிந்தாரா என்பதே அவருக்கு முக்கியம் என்று நமக்குத் தோன்றுகிறது. பின்னர் அரசகரும மொழித் திணைக்களம் கொழும்பிலிருந்து சொற்றொகுதிகளை வெளியிட்டது. ஆரை, அரந்தி, புயவென்பு எல்லாம் பாடசாலை வழியாக நம் பிள்ளைகளின் வாயில் பழகிவிட்டன. என்புகளின் பெயர்கள் பழகிய அளவுக்குப் பக்கங்களின் பெயர்கள் பழகவில்லை.

வோலருக்கு 'அங்கைப்பக்கம்' என்று எழுதலாம் என்பார்கள். இலக்கியத்தில் அழகான சொல். ஆனால் யாழ்ப்பாணப் பேச்சில் 'அங்கை' என்றால் 'அங்கே'. தொலைபேசியில் நோயாளர் விவரம் சொல்லும்போது அது பெரும் குழப்பம். கையின் குழிவைக் குறிக்கும் 'குடங்கை' லத்தீன் வோலாவுக்கு மிக நெருங்கியது, ஆனால் வழக்கொழிந்துவிட்டது. எனவே நாம் தெரிவுசெய்வது இதுதான்: முழங்கை மடிப்பிலிருந்து விரல் நுனி வரை 'உள்ளங்கைப்பக்கம்', அதற்கு எதிரே 'புறங்கைப்பக்கம்'. மற்ற இரு பக்கங்களுக்கும் 'உள்', 'வெளி' வேண்டாம். பதிவேட்டில் 'ஆரைப்பக்கம்', 'அரந்திப்பக்கம்', நோயாளரிடம் 'பெருவிரல் பக்கம்', 'சின்னிவிரல் பக்கம்'. காலடியில் 'உள்ளங்கால்', 'புறங்கால்'.

ஓர் எச்சரிக்கை மட்டும் வேண்டும். தீக்காயத்தை அளக்கும்போது நோயாளரின் கையளவு உடற்பரப்பில் ஏறத்தாழ 1 வீதம் என்பது, சேர்த்துவைத்த விரல்களையும் உள்ளடக்கியது. உள்ளங்கை மட்டும் அதில் பாதிதான். 'உள்ளங்கையளவு 1 வீதம்' என்று எழுதினால் காயம் இரு மடங்காகக் கணக்கிடப்பட்டு, ஏற்றும் திரவமும் கூடிவிடும். அந்த இடத்தில் 'விரல்கள் சேர்ந்த உள்ளங்கை' என்று முழுமையாக எழுதுங்கள்.

அடுத்த இதழிலிருந்து இங்கு வெளிவரும் எல்லாக் கட்டுரைகளிலும் இந்த வழக்கையே பின்பற்றுவோம். வாசகர்களான தாதியர், இயன்மருத்துவர், வைத்தியர் அனைவரிடமும் ஒன்று கேட்கிறோம். உங்கள் கிளினிக்கில் நோயாளர்கள் கை, கால், முதுகின் பக்கங்களைக் குறிக்கச் சொல்லும் சொற்களை, அவர்கள் சொன்னபடியே, ஊரின் பெயரோடு எழுதி அனுப்புங்கள். கொட்டாஞ்சேனையில் ஒரு சொல், மட்டக்களப்பில் ஒரு சொல், மலையகத்தில் ஒரு சொல் இருக்கலாம். மன்ரூ அறிவுறுத்தலைத் தமிழில் ஒட்டியிருக்கும் இடங்களில் 'உட்பக்கம்' என்பதை இந்த வாரமே மாற்றிவிடுங்கள்.