ஒளிரும் காளானும் ஆச்சியின் கொள்ளிவாய்ப் பிசாசும்

நண்பர் ஒருத்தர் தான் எழுதின கதையைப் படிக்கக் குடுத்தார். காட்டுக்குள்ள நீலமா ஒளிர்ற ஒரு காளான். அதோட வாசம் பட்டவங்களுக்கு ராத்திரி கனவு வரும். அவங்க எதுக்கு ரொம்ப பயப்படுறாங்களோ அது கனவுல வந்து நிக்கும். பயப்படப் பயப்படக் காளான் இன்னும் பிரகாசமாகும். விறுவிறுப்பான கதைதான், ஒரே மூச்சுல படிச்சேன். ஆனா எனக்கும் ஒளிர்ற காளானுக்கும் ஒரு பழைய வாய்க்கா தகராறு இருக்கு மக்களே.

எங்க ஆச்சி ஊரு செங்கோட்டைப் பக்கம். மழை மாசத்துல தோப்புக்குப் பின்னாடி, வெட்டிப்போட்ட மரம் மக்கிக் கெடக்குற எடத்துல கொள்ளிவாய்ப் பிசாசு நிக்கும்னு சொல்லுவா. "நேரா பாத்தா இருக்காதுல, தலையத் திருப்புனா நிக்கும்." இந்த ஒரு வரி போதும். பத்து வயசு வரைக்கும் ராத்திரி தனியா கொல்லைப்பக்கம் போனதில்ல நான்.

அப்புறம் காலேஜ் போனேன், அறிவு வந்துடுச்சு :-) ஒரு லீவுல எல்லார் முன்னாடியும், "ஆச்சி, அது சதுப்புல வர்ற மீத்தேன் வாயு. சும்மா பொய் சொல்லி புள்ளைங்கள பயமுறுத்தாத"ன்னு சொன்னேன். அவ ஒண்ணும் பேசல. வெத்தலைய மடிச்சு வாயில போட்டுக்கிட்டா. அந்தத் தோப்புல சதுப்பே கிடையாதுங்கறது அப்போ எனக்கு உறைக்கவே இல்ல.

பல வருஷம் கழிச்சு, மேற்குத் தொடர்ச்சி மலையில ஒரு மழை ராத்திரி. கூட வந்தவர் டார்ச்சை அணைக்கச் சொன்னார். மொதல்ல ஒண்ணுமே தெரியல. கண்ணு இருட்டுக்குப் பழக இருபது நிமிஷமாவது ஆகும். அப்புறம் ஒரு மக்கின கட்டை மேல சாம்பல் பூத்த மாதிரி மெல்லிசா ஒரு வெளிச்சம். உத்துப் பாத்தேன், காணோம். தலையைத் திருப்பினேன், இருந்துச்சு!

காரணம் நம்ம கண்ணுல இருக்கு. மங்கின வெளிச்சத்தைப் பாக்குற செல்கள் விழித்திரையோட நட்ட நடுவுல கிடையாது, சுத்திலும்தான் இருக்கு. அதனால நேரா பாத்தா மறையும், ஓரக்கண்ணுல தெரியும். அந்தச் செல்களுக்கு நிறமும் தெரியாது. போட்டோவுல பாக்குற அந்த ஜிலுஜிலு பச்சை, கேமராவை ரொம்ப நேரம் தொறந்து வச்சு எடுத்தது. ஆச்சி பொய் சொல்லல. நான் படிச்ச எந்தப் பாடப்புத்தகத்தை விடவும் துல்லியமா கண்டதைச் சொல்லியிருக்கா. பேருதான் பிசாசுன்னு வச்சா. நான் வச்ச மீத்தேன்ங்கற பேரு மட்டும் என்ன வாழ்ந்துச்சாம்?

உண்மையான சமாச்சாரம் லூசிஃபெரின்னு ஒரு பொருள் ஆக்சிஜனோட சேர்றது. சூடே இல்லாத வெளிச்சம். 1660கள்லயே ராபர்ட் பாயில், ஒளிர்ற மரக்கட்டையைச் சுத்தி இருந்த காத்தை உறிஞ்சி எடுத்தா வெளிச்சம் போயிடுதுன்னு பாத்துட்டார். நூத்துக்கும் மேல ஒளிரும் காளான் வகைகள் இருக்கு. அத்தனையும் பச்சை, நீலம் கிடையாது நண்பரே.

பயமும் காளானுக்குச் சொந்தமில்ல. 1839ல ஜார்ஜ் கார்ட்னர்ங்கற தாவரவியலாளர் பிரேசில்ல ஒரு ஊருக்குப் போனப்ப, ராத்திரி தெருவுல பசங்க ஏதோ மின்னுறதை வச்சு விளையாடிக்கிட்டிருந்தாங்களாம். மின்மினின்னு நெனச்சிருக்கார். பாத்தா, பனைமட்டை மக்குற எடத்துல வளர்ற காளான்! அங்க விளையாட்டுச் சாமான், எங்க வீட்டுல பிசாசு. அந்தக் காளானைத்தான் 2015ல ஆராய்ஞ்சாங்க. அதுக்கு உள்ளுக்குள்ள ஒரு கடிகாரமே இருக்கு, ராத்திரிதான் வெளிச்சம் கூடும். பச்சை விளக்கு வச்ச பொம்மைக் காளானுக்கு, விளக்கில்லாததை விட நிறைய பூச்சி வந்துச்சு. வித்துகளைப் பரப்ப அதுங்க உதவலாம். ஆக அது கூப்பிடுறது பூச்சியை, நம்ம கனவை இல்ல.

கனவுக் கதை எங்கேர்ந்து வந்துச்சுன்னு யோசிச்சேன். கொடைக்கானல் பக்கம் பசங்க தேடித் திரியுற போதைக் காளான் வேற, இது வேற. அது ஒளிராது. ரெண்டையும் போட்டுக் குழப்பிடுறாங்க. ஜப்பான்ல சுகியோதாகேன்னு ஒரு ஒளிரும் காளான். ஷீடாகேன்னு நெனச்சு அதைத் தின்னா கனவு எல்லாம் வராது, வாந்திதான் வரும். இதுக்கு நடுவுல 2024ல அமெரிக்காவுல ஒளிரும் காளானோட மரபணுவைப் பெட்டுனியாச் செடியில போட்டு விக்கவே ஆரம்பிச்சுட்டாங்க. பிசாசு தொட்டிக்கு வந்தாச்சு!

நண்பருக்கு நான் சொன்னது இதுதான்: கதையை விட்டுடாதீங்க, வாசத்தையும் நீலத்தையும் மட்டும் எடுத்துடுங்க. டார்ச்சை அணைக்கறான். இருபது நிமிஷம் ஒண்ணுமே இல்ல. அப்புறம் பாத்தா மறையுற, பாக்காட்டி நிக்கிற ஒண்ணு. அதுக்கு மேல என்ன பயம் வேணும்?

ஆச்சி போய் ரொம்ப வருஷம் ஆச்சு. தோப்பு இருந்த எடத்துல இப்ப வீடுங்க, ராத்திரி முழுக்க தெருவிளக்கு. போன மழையில போயிருந்தேன். மக்கின கட்டை ஒண்ணு மதில் ஓரமா கெடந்துச்சு. தெருவிளக்குக்கு முதுகைக் காட்டி உக்காந்து, தலையை இப்படியும் அப்படியும் திருப்பிப் பாத்துக்கிட்டே இருந்தேன். நாய் குரைச்சதுல எந்திரிச்சு வந்துட்டேன்.