கண்ட சாட்சியும் காணாத உண்மையும்

"என் இரு கண்களால் கண்டேன், இதற்கு மேலும் சான்று வேண்டுமோ?" என்று கேட்போர் உளர். குடும்பச் சண்டை முதல் நீதிமன்றக் கூண்டு வரை, இவ்வொரு சொல்லே விசாரணையின் வாயை அடைத்துவிடுகிறது. இதனை ஏற்க நாம் மறுக்கிறோம்.

கண்ணைப் புகைப்படக் கருவி என எண்ணுவதே முதற்பிழை. பார்வை நரம்பு வெளியேறும் இடத்தில், விழித்திரையில் ஒளியுணரும் செல்களே இல்லை. இக்குருட்டுப் புள்ளியைப் பிரான்சு நாட்டு அறிஞர் எட்மே மாரியோட் 1668-இல் அறிவித்தார். ஆயினும் ஒரு கண்ணை மூடினாலும் காட்சியில் ஓட்டை தெரிவதில்லை. சுற்றிலும் உள்ளதைக் கொண்டு மூளை அதனை நிரப்பிவிடுகிறது.

1995-இல் எட்வர்ட் ஆடெல்சன் உருவாக்கிய சதுரங்கப் பலகைப் படத்தில், நிழலுக்கு வெளியே உள்ள கருங்கட்டமும் நிழலுக்குள் உள்ள வெண்கட்டமும் ஒரே சாம்பல் நிறமே. ஆனால் ஒன்று கறுத்தும் மற்றது வெளுத்தும் தோன்றுகின்றன. நிழலைக் கழித்துப் பொருளின் நிறத்தை அறிய மூளை முயல்வதே காரணம். உண்மை தெரிந்த பின்னும் அத்தோற்றம் மாறுவதில்லை.

இது வெறும் வேடிக்கையன்று. அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் குற்றமற்றவர் என மெய்ப்பிக்கப்பட்டோரின் வழக்குகளுள் பெரும்பாலானவற்றில், கண்கண்ட சாட்சியர் ஆளை மாற்றி அடையாளம் காட்டியிருந்தனர். அவர்கள் பொய்யர் அல்லர்; உறுதியாய் நம்பியவர்கள். அந்த உறுதிக்கு விலையாகப் பிறர் தம் வாழ்நாளைச் சிறையில் இழந்தனர்.

"அப்படியாயின் எல்லாம் மாயைதானோ?" என ஏளனம் செய்வோரையும் நாம் மறுக்கிறோம். அவ்விரு கட்டங்களும் ஒரே நிறம் என்பதை எவ்வாறு அறிந்தோம்? சுற்றியுள்ளவற்றை மறைத்துவிட்டு, மீண்டும் கண்ணால் பார்த்தே அறிந்தோம். நிழலைக் கழிக்கும் அதே திறனால்தான் அந்தி ஒளியிலும் வெண்தாளை வெண்தாள் என்றே காண்கிறோம். எனவே கண்ணைப் பழித்துப் பயனில்லை; ஒரு பார்வையோடு நின்றுவிடும் நம் செருக்கே பழிக்குரியது.

இரு கண்களின் குருட்டுப் புள்ளிகளும் காட்சியின் ஒரே இடத்தில் விழுவதில்லை. ஒரு கண் காணாததை மறு கண் காண்கிறது. மனிதரிடையிலும் இந்நெறி வேண்டாவோ? ஒருவனைத் திருடன் என்றும் ஒருத்தியை ஒழுக்கம் கெட்டவள் என்றும் ஒரு பார்வையில் தீர்ப்பிடுமுன், அங்கு நின்ற மற்றவரையும், குற்றம் சாட்டப்பட்டவரையும் கேட்போம். "கண்டேன்" என்பது விசாரணையின் தொடக்கமேயன்றி முடிவன்று.