டிரையகாண்டன் யார்?

நுழையும்முன்

அறிவியல் பாடங்களில் வரும் நீண்ட பெயர்களைப் பொருள் அறியாமல் மனப்பாடம் செய்யும் வழக்கம் நம்மிடையே ஊன்றிவிட்டது. தமிழ் இலக்கணம் கற்ற மாணவர் அப்பெயர்களை எவ்வாறு அணுகலாம் என்பது பற்றி ஆசிரியர் ஒருவர் முன்வைக்கும் கருத்து இக்கட்டுரை.

சில ஆண்டுகளுக்குமுன் பதினொன்றாம் வகுப்பில் வேற்றுமை உருபுகளை நடத்திக்கொண்டிருந்தேன். அவிநாசிக்கு அருகிலுள்ள சிற்றூர் ஒன்றிலிருந்து வரும் மாணவன் ஒருவன், மடித்து வைத்திருந்த துண்டுத்தாளை எடுத்து நீட்டினான். தக்காளிச் செடிக்குத் தெளிப்பதற்காக அவன் தந்தையார் வாங்கிய வளர்ச்சி ஊக்கிப் புட்டியுடன் வந்த தாள் அது. அதில் ‘டிரையகாண்டனால் 0.1%’ என்று அச்சிட்டிருந்தது. “ஏனுங்க ஐயா, இந்த டிரையகாண்டன்ங்கறது யாருங்க? அவருனால என்ன ஆச்சுன்னு எழுதாம உட்டுட்டாங்களே?” என்றான். வகுப்பு முழுவதும் சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை. ‘ஆல்’ என்பது மூன்றாம் வேற்றுமை உருபு என்று பத்து நிமிடங்களுக்கு முன்புதான் கரும்பலகையில் எழுதியிருந்தேன். கண்ணனால், முருகனால் என்று எடுத்துக்காட்டும் தந்திருந்தேன். அவன் கற்றதைக் கற்றபடியே பயன்படுத்தினான். பிழை அவனுடையதன்று.

இந்த இடர்ப்பாடு ஒரு சொல்லோடு நின்றுவிடுவதில்லை. வேதியியல் நூலில் ‘எத்தனால்’ என்று ஒரு சொல் வருகிறது. தமிழில் எத்தன் என்றால் ஏமாற்றுக்காரன். ‘எத்தனால் கிடைத்த வெப்பம்’ என்று ஒரு தொடரைப் படிக்கும் தமிழ் மாணவன் ஒரு நொடி தடுமாறினால் அதில் வியப்பில்லை. ஒலியை மட்டும் கடன்வாங்கி, பொருளைக் கடல் கடந்த ஊரிலேயே விட்டுவிட்டு வந்ததன் விளைவு இது.

பெயர்ச்சொல்லை இடுகுறிப்பெயர் என்றும் காரணப்பெயர் என்றும் பிரிப்பது நம் இலக்கண மரபு. மண், மரம் போன்றவை இடுகுறி. பறவை, அணி போன்றவை காரணம் கருதி வந்தவை. டிரையகாண்டனால் இவற்றுள் எதைச் சேரும் என்று அன்று வகுப்பில் கேட்டேன். ஏறக்குறைய எல்லாருமே இடுகுறி என்றனர். அறிவியல் பெயர் என்றாலே, காரணம் கேட்காமல் நெட்டுருச் செய்ய வேண்டியது என்று அவர்கள் மனத்தில் பதிந்திருந்தது. உண்மையோ இதற்கு நேர்மாறானது. நாம் அன்றாடம் வழங்கும் காரணப்பெயர்களுள் பல, ஏதேனும் ஓர் இயல்பை மட்டுமே சுட்டுகின்றன. இந்தப் பெயரோ பொருளின் உடலமைப்பு முழுவதையும் சொல்லிவிடுகிறது.

பகுபத உறுப்பிலக்கணம் உங்களுக்குப் புதிதன்று. அதே முறையில் இச்சொல்லைப் பிரித்துப் பார்க்கலாம். ‘டிரையகாண்ட்’ என்பது பகுதி. கிரேக்க மொழியில் டிரியகோண்டா என்றால் முப்பது. மூன்று என்னும் சொல்லோடு பத்தின் மடங்கைக் குறிக்கும் சொல் சேர்ந்து அமைந்தது அது. மூன்றும் பத்தும் சேர்ந்து நம் முப்பது ஆனதைப் போன்றதே. இந்த எண் கார்பன் அணுக்களின் தொகையைக் குறிக்கிறது. அடுத்து வரும் ‘அன்’ இடைநிலை. அணுக்களுக்கிடையே உள்ளவை அனைத்தும் ஒற்றைப் பிணைப்புகளே என்பதை அது காட்டும். இறுதியில் நிற்கும் ‘ஆல்’ விகுதி. ஆல்கஹால் என்னும் சொல்லின் வாலை வெட்டி எடுத்த விகுதி இது. ஹைட்ராக்சில் தொகுதி ஒன்று உண்டு என்பது அதன் பொருள். (ஆல்கஹால் என்பதே அரபு மொழியில் கண்ணுக்குத் தீட்டும் மையின் நுண்பொடியைக் குறித்த சொல்லிலிருந்து வந்தது. கண் மை எங்கே, சாராயம் எங்கே! சொற்களின் பயணம் இப்படித்தான்.) விகாரமும் இங்கு உண்டு. டிரையகாண்டேன் என்னும் மூலப் பெயரை ஆங்கில எழுத்தில் எழுதினால் ஈற்றில் ‘இ’ என்னும் உயிரெழுத்து நிற்கும். உயிர்முதலாகிய ‘ஆல்’ விகுதி வந்து சேரும்போது அவ்வெழுத்துக் கெட்டுவிடும். வரகு, அரிசியோடு சேரும்போது ஈற்று உகரம் கெட்டு வரகரிசி ஆவதை நினைத்துக்கொள்ளுங்கள். உயிர்முன் உயிர் வந்தால் என்ன செய்வது என்னும் சிக்கலை ஜெனீவாவில் 1892ஆம் ஆண்டு கூடிப் பெயரிடும் நெறிகளை வகுக்கத் தொடங்கிய வேதியியலாரும், 1919இல் தோன்றிய பன்னாட்டு ஒன்றியத்தில் அப்பணியைத் தொடர்ந்தவர்களும் எதிர்கொண்டிருக்கிறார்கள். நம் புணர்ச்சி இலக்கணம் அதனை அவர்களுக்குப் பல நூற்றாண்டுகள் முன்பே எதிர்கொண்டது.

ஆக, பெயர் சொல்வது இதுதான்: முப்பது கார்பன் அணுக்கள் ஒற்றைப் பிணைப்பால் கோத்த சங்கிலி, அதில் ஒரு ஹைட்ராக்சில் தொகுதி. பெயரினிடையே 1 என்னும் எண்ணையும் சேர்த்து எழுதினால், அத்தொகுதி சங்கிலியின் நுனியில் உள்ளது என்பதும் விளங்கும். வாய்பாட்டை எழுத இதற்குமேல் எதுவும் தேவையில்லை. 30 கார்பன், 62 ஹைட்ரஜன், 1 ஆக்சிஜன்.

பெயரைப் பிரித்தறிந்தவனுக்குப் பொருளின் குணமும் ஓரளவு பிடிபடும். எத்தனாலில் இரண்டே கார்பன்; எனவே நீரை விரும்பும் ஹைட்ராக்சில் தொகுதியின் கை ஓங்கியிருக்கும். எத்தனால் எவ்வளவு சேர்த்தாலும் நீரோடு கலந்துவிடும். டிரையகாண்டனாலிலோ அதே ஒற்றைத் தொகுதி முப்பது கார்பன் நீளமுள்ள கொழுப்புத்தன்மை வாய்ந்த வாலை இழுக்க வேண்டியிருக்கிறது. இழுக்க முடிவதில்லை. அது மெழுகுபோல் திண்மமாகவே இருக்கிறது, நீரில் கரைவதில்லை. வாழையிலையில் தெளித்த நீர் முத்துமுத்தாக உருண்டோடுவது, இலையின் மேற்பரப்பிலுள்ள இத்தகைய நெடுஞ்சங்கிலிப் பொருள்கள் கலந்த மெழுகுப் படலத்தால்தான். மாணவன் வீட்டுப் புட்டிக்குள் இருந்தது ஏன் தெளிந்த நீராக இல்லாமல் பால்போன்ற குழம்பாக இருந்தது என்னும் கேள்விக்கும் இங்கே விடை இருக்கிறது. கரையாத பொருளை நீரில் நுண்துளிகளாக நிறுத்திவைத்திருக்கிறார்கள். 0.1 விழுக்காடு என்றால் ஆயிரம் பங்கில் ஒரு பங்கு. எஞ்சிய 999 பங்கும் நீரும் துணைப்பொருள்களும். விலை கொடுத்து வாங்குபவர் அறிய வேண்டிய செய்தி இது.

இதே பொருளுக்கு மெலிசில் ஆல்கஹால் என்றொரு பழம்பெயரும் உண்டு. கிரேக்கத்தில் மெலிசா என்றால் தேனீ. தேன்மெழுகில் இது கொழுப்பு அமிலத்தோடு கூடிய நிலையில் மிகுதியாக இருப்பதால் அப்பெயர் வந்தது. பழம்பெயர் பொருளின் ஊரைச் சொல்கிறது. புதுப்பெயர் அதன் உருவைச் சொல்கிறது. இரண்டும் காரணப்பெயர்களே. எனக்கு ஏனோ தேனீயின் பெயர்மேல்தான் பற்று அதிகம். ஆனால் அதைக் கொண்டு வாய்பாடு எழுத முடியாது.

நம் வயல்களோடு இதற்குள்ள உறவும் சுவையானது. கொங்கு நாட்டில் மாடு வளர்ப்போர் தோட்டத்தில் பாத்தி கட்டி வளர்க்கும் குதிரைமசால் தீவனப்பயிரை அறிவீர்கள். கோயம்புத்தூரிலுள்ள தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் கோ 1 என்னும் குதிரைமசால் இரகத்தை வெளியிட்டிருக்கிறது. அந்தப் பயிரின் இலைமெழுகில் டிரையகாண்டனால் இருப்பதை 1933இலேயே பிரித்தறிந்திருந்தனர். அதற்கு நாற்பத்து நான்கு ஆண்டுகள் கழித்து, 1977இல், அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலப் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த ஸ்டான்லி ரீஸும் அவர்தம் குழுவினரும், நறுக்கிய குதிரைமசாலை இட்ட நிலத்தில் பயிர்கள் கூடுதலாக வளர்வதற்குக் காரணம் இப்பொருளே என்று அறிவித்தனர். மிகச் சிறிய அளவே போதுமானதாக இருந்தது அறிஞர்களை வியக்கவைத்தது. பின்னர் வயல்வெளிச் சோதனைகளில் ஓரிடத்தில் கிடைத்த பயன் வேறோரிடத்தில் அதே அளவில் கிடைக்கவில்லை என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

இனி, இப்பெயரைத் தமிழில் எவ்வாறு வழங்குவது? இக்கேள்விக்குக் கொங்கு மண்ணில் நீண்ட வரலாறு உண்டு. சேலத்தில் 1916இல் இராஜாஜி முதலானோர் தமிழ்ச் சாஸ்திர பரிபாஷைச் சங்கத்தைத் தோற்றுவித்தது கலைச்சொல் ஆக்குவதற்காகவே. வேதியியலை எளிய தமிழில் விளக்கத் ‘திண்ணை ரசாயனம்’ என்னும் நூலையும் அவர் எழுதினார். கோவையில் ஜி. ஆர். தாமோதரன் நடத்திய ‘கலைக்கதிர்’ இதழ் அறிவியலைத் தமிழில் எழுதும் ஒரு தலைமுறையையே பழக்கியது. ஈரோட்டுப் பகுதியில் பிறந்த பெ. தூரன் முதன்மை ஆசிரியராக இருந்து, 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாகத் தமிழ்க் கலைக்களஞ்சியத்தை வெளிக்கொணர்ந்தார். இவர்களின் உழைப்பை மதிப்பதனாலேயே ஒரு வேறுபாட்டை வலியுறுத்த விரும்புகிறேன். உயிர்வளி, கரிமம் போன்று ஒரு பொருளுக்கு ஒரு சொல் ஆக்குவது வேறு. இலட்சக்கணக்கான சேர்மங்களுக்கு விதிமுறையால் அமையும் பெயர்களைச் சொல்லுக்குச் சொல் மொழிபெயர்ப்பது வேறு.

ஓர் எடுத்துக்காட்டு போதும். கரும்பு மெழுகில் ஆக்டகோசனால் என்னும் பொருள் உள்ளது. ஆக்டா எட்டு, கோசா இருபது, கூட்டினால் இருபத்தெட்டுக் கார்பன். இதனை அப்படியே ‘எட்டிருபது’ என்று பெயர்த்தால் என்னவாகும்? தமிழில் பேரெண் முன்னும் சிற்றெண் பின்னும் வந்தால் கூட்டல். பதினெட்டு அவ்வாறு வந்தது. சிற்றெண் முன்னே வந்தால் பெருக்கல். எண்பது அவ்வாறு வந்தது. எனவே எட்டிருபது என்றதும் தமிழ்க்காது நூற்றறுபது என்றே கொள்ளும். இருபத்தெட்டு அணுக்கள் நூற்றறுபதாகிவிடும்! நல்லெண்ணத்தோடு செய்த தமிழாக்கம் வேதியியலையே மாற்றிவிடும்.

அதற்காக, ஆங்கில எழுத்திலேயே எழுதிவிடலாம் என்று கூறுவோரின் கட்சியில் நான் சேரவில்லை. டிரியகோண்டா ஆங்கிலமும் அன்று. ஆங்கில வழியில் பயிலும் மாணவரும் அதனை நெட்டுருவே செய்கிறார். எழுத்தை மாற்றுவதால் பொருள் விளங்கிவிடாது. என் கருத்து இது: விதிமுறைப் பெயர்களின் ஒலியைத் தமிழ் எழுத்தில் எழுதுவோம், ஆனால் பாடநூலில் அப்பெயர் முதன்முறை வரும் இடத்திலேயே அதன் உறுப்புகளைப் பிரித்துத் தமிழில் பொருள் சொல்வோம். டிரையகான்டனால், ட்ரைகாண்டனால், டிரையகோண்டனால் என்று அச்சகத்திற்கு ஓர் எழுத்துக்கூட்டு இருப்பதை நிறுத்தி, டகரத்திற்கு முன் ணகரம் வரும் நம் மரபையொட்டி டிரையகாண்டனால் என்றே எங்கும் எழுதுவோம். மூன்றாம் வேற்றுமை மயக்கம் எழுமிடத்தில் ‘டிரையகாண்டனால் என்னும் பொருளால்’ என்று ஒரு சொல்லைக் கூட்டி எழுதுவதால் தாள் தீர்ந்துவிடாது. இதனால் நூலின் பக்கங்கள் கூடும் என்று குழுக் கூட்டங்களில் நண்பர்கள் மறுத்திருக்கிறார்கள். கூடட்டும் என்பதே என் விடை. முதல் தலைமுறையாகப் பள்ளிக்கு வரும் மாணவன், பொருள் புரியாத பெயர்களின் வரிசையைக் கண்டு வேதியியல் தனக்கு உரியதன்று என்று முடிவுகட்டிவிடுகிறான். அந்த இழப்பைப் பக்கக் கணக்கில் அளக்க இயலாது.

பெயரைப் பிரிக்கத் தெரிவது ஒரு காப்பும் ஆகும். கோயம்புத்தூரில் 1912இல் தொடங்கிய கரும்பு இனப்பெருக்க நிலையம், பயிரிடும் கரும்பைக் காட்டுக் கரும்பினத்தோடு கலந்து உருவாக்கிய கோ 205 இரகத்தை 1918இல் வழங்கியது. அக்கரும்புகளின் வழித்தோன்றல்கள் நம் வயல்களிலும் நிற்கின்றன. அவற்றின் கணுவருகே சாம்பல் பூத்தாற்போல் படிந்திருப்பது மெழுகு. இத்தகைய கரும்பு மெழுகிலிருந்து எடுத்த கலவை ஒன்று, ‘போலிகோசனால்’ என்னும் பெயரில், குருதிக் கொழுப்பைக் குறைக்கும் மருந்தாகக் கியூபா நாட்டிலிருந்து உலகச் சந்தைக்கு வந்தது. பெயரைப் பாருங்கள். ஆல் விகுதி இருக்கிறது; கோசா இருக்கிறது; ஆனால் எண் இருக்க வேண்டிய இடத்தில் ‘பல’ என்று பொருள்படும் சொல் நிற்கிறது. பார்வைக்கு விதிமுறைப் பெயர்போல் தோன்றினும் இது ஒரு பொருளின் பெயரன்று. பல ஆல்கஹால்களின் கூட்டுக்கு இட்ட பெயர். இதனைச் செருமனியில் ஆராய்ந்தோர், வெற்று மாத்திரையைவிட இது கொழுப்பைக் குறைக்கவில்லை என்று 2006இல் அறிவித்தனர். பெயரைப் பிரித்த மாத்திரத்தில் மருந்தின் பயன் தெரிந்துவிடாது. எத்தனை பொருள்கள், எவ்வளவு என்று கேட்கவாவது தோன்றும்.

அந்த மாணவன் அன்று தாளின் பின்புறத்தில் ‘முப்பது கார்பன், ஒரு ஹைட்ராக்சில், ஆயிரத்தில் ஒரு பங்கு’ என்று எழுதி எடுத்துச் சென்றான். மறுவாரம் வேறொரு தாளோடு வந்தான். அதில் ‘ஜிப்ரலிக் அமிலம்’ என்றிருந்தது. “எப்படிப் பிரிச்சாலும் எண்ணே வர மாட்டேங்குதுங்க ஐயா” என்றான். ஜிப்ரெல்லா என்னும் பூஞ்சையிலிருந்து கிடைத்ததால் வந்த பெயர் அது என்றேன். சற்று யோசித்துவிட்டு, “அப்போ இது தேனீ மாதிரிப் பேருங்களா?” என்று கேட்டான்.