பஞ்சாயத்துப் பத்திரமும் பெண்ணின் ஜீவனாம்சமும்



நமது லைன்களில் கணவன் மனைவி சண்டை முற்றிவிட்டால் யாரும் கோர்ட்டுக்குப் போவதில்லை. பெரியவர்கள் கூடுகிறார்கள். இரு தரப்பையும் கேட்டுவிட்டு முத்திரைத் தாளில் எழுதுகிறார்கள்: இருவரும் மனமொத்துப் பிரிகிறோம், பெண் இவ்வளவு ரூபாய் பெற்றுக்கொண்டாள், இனி ஜீவனாம்சம் கேட்கமாட்டாள். பெண் கையெழுத்துப் போடுகிறாள். நம்மில் இருவர் சாட்சிக் கையெழுத்துப் போடுகிறோம். இதற்குத் தீர்த்து விடுவது என்று பெயர். யாருக்குத் தீர்ந்தது?

அந்தப் பணம் ஆறு மாதம் நிற்பதில்லை. பிறகு அவள் தாய் வீட்டில் பிள்ளைகளோடு ஒண்டுகிறாள். விடியுமுன் மாரிக்குப்பத்தில் ரயிலேறி பெங்களூருக்கு வேலைக்கு ஓடுகிறாள். டிக்கெட் கவுண்ட்டரில் உட்காரும் நமக்கு இந்த முகங்கள் தெரியும். சில பத்திரங்களில் நமது கையெழுத்தும் இருக்கிறது. வெட்கத்தோடுதான் இதைச் சொல்கிறோம்.

சட்டம் என்ன சொல்கிறது? வழக்கு நடக்கும்போதே இடைக்கால ஜீவனாம்சமும் வழக்குச் செலவும் கேட்க 1955ஆம் ஆண்டு இந்து திருமணச் சட்டத்தின் 24வது பிரிவு வழி செய்கிறது. தீர்ப்பின்போதோ அதற்குப் பிறகோ நிரந்தர ஜீவனாம்சம் கேட்க 25வது பிரிவு இருக்கிறது. மறுமணம் செய்யாத விவாகரத்தான பெண்ணும் மாஜிஸ்திரேட்டிடம் மனுப் போடலாம். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125வது பிரிவாக இருந்த இது, 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டத்தில் 144வது பிரிவு.

பஞ்சாயத்துப் பத்திரத்தால் விவாகரத்து ஆகிவிடாது. அப்படி ஒரு வழக்கம் அந்தச் சமூகத்தில் உண்டென்று நிரூபித்தால்தான் செல்லும். இல்லையேல் சட்டத்தின் கண்ணில் அவள் இன்னும் மனைவியே. ஆனால், மனமொத்துத் தனியே வாழும் மனைவிக்கு மாஜிஸ்திரேட் கோர்ட்டில் ஜீவனாம்சம் இல்லை என்றும் அதே பிரிவு சொல்கிறது. பெரியவர்கள் நல்லெண்ணத்தோடு எழுதிய "மனமொத்து" என்ற ஒரு சொல், நாளை கணவனின் வக்கீல் கையில் ஆயுதமாகிறது!

இனிக் கேட்கமாட்டேன் என்று எழுதிக் கொடுத்தது செல்லுமா? நமது கர்நாடகத்திலிருந்தே ஒரு வழக்கு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போயிற்று. 8,000 ரூபாய் வாங்கிக்கொண்டு கோர்ட்டிலேயே அவ்விதம் ஒப்புக்கொண்ட மனைவி, பின்னர் 1956ஆம் ஆண்டு ஜீவனாம்சச் சட்டத்தின் கீழ் வழக்குப் போட்டாள். அத்தகைய ஒப்பந்தம் பொதுநலக் கொள்கைக்கு விரோதமானது, அவள் உரிமையைத் தடுக்காது என்று 2013இல் தீர்ப்பாயிற்று. கோர்ட்டில் எழுதியதற்கே இந்தக் கதி என்றால், திண்ணையில் எழுதியதற்கு மதிப்பு ஏது?

"சுரங்கம் மூடிவிட்டார்கள், அவன் எங்கே போவான்?" என்று சில தோழர்கள் கேட்கிறார்கள். 2001 பிப்ரவரி 28இல் சுரங்கம் மூடியது ஆணுக்கு மட்டுமா? அந்த அடுப்பில் உலை வைத்தவள் யார்? அதே 2001இல்தான் மாதம் 500 ரூபாய் என்ற பழைய உச்சவரம்பை நாடாளுமன்றம் நீக்கியது. கணவனின் வருமானத்தையும் சக்தியையும் பார்த்துத்தான் கோர்ட் தொகை நிர்ணயிக்கிறது. இல்லாதவனிடம் பிடுங்கச் சொல்லவில்லை. இருப்பவன் மறைப்பதற்கு நாம் சாட்சி நிற்கக்கூடாது என்கிறோம். 2020இல் சுப்ரீம் கோர்ட் இரு தரப்பும் சொத்து, வருமான விவரத்தைப் பிரமாணப் பத்திரமாகத் தரவேண்டும் என்றும், மனுப் போட்ட நாளிலிருந்தே ஜீவனாம்சம் கணக்கிடவேண்டும் என்றும் உத்தரவிட்டது.

இந்து சட்டத் தொகுப்பு மசோதா முடங்கியதைக் கண்டித்து 1951இல் மந்திரி பதவியை உதறியவர் டாக்டர் அம்பேத்கர். அவர் படத்தை மாட்டிய கூடத்தில் உட்கார்ந்துகொண்டா பெண்ணின் உரிமையை எழுதி வாங்குவது?

எனவே, பெரியவர்களை வேண்டுகிறோம்: சமாதானம் பேசுங்கள், சேர்த்து வையுங்கள், ஜீவனாம்சத்தைக் கைவிடும் பத்திரம் மட்டும் எழுதாதீர்கள். தாய்மார்களுக்குச் சொல்கிறோம்: பெண்ணுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வக்கீல் பெற 1987ஆம் ஆண்டுச் சட்டம் உரிமை தருகிறது, தாலுகா சட்ட சேவைக் குழுவை அணுகுங்கள். மாஜிஸ்திரேட் உத்தரவிட்ட தொகை நின்றுபோனால் ஓராண்டுக்குள் வசூல் மனுப் போடுங்கள். தாமதித்தால் அந்த வழி அடைபடும். துணைக்கு ஆள் வேண்டுமானால் சங்கத்துக்கு வாருங்கள். இனி நமது கையெழுத்து அந்தப் பத்திரத்தில் இராது. உங்கள் மனுவோடு கோர்ட் வாசலுக்கு நாமும் வருவோம்.