தொடாதே என்னும் தத்துவம்

‘ஓடுகிறதைத் தொடாதே’ என்பது கணினி வைத்திருக்கும் அலுவலகங்களில் வேதவாக்காகவே ஆகிவிட்டது. நாம் பணியாற்றும் கல்லூரியிலும் அதைக் கேட்டோம். மாணவர்களின் மதிப்பெண்களும் முகவரிகளும் அடங்கிய சர்வரில் ஓப்பன்எஸ்எஸ்எல் என்னும் பாதுகாப்பு நிரலகம் நெடுநாளாகப் புதுப்பிக்கப்படாமல் கிடப்பதைச் சுட்டியபோது, தமிழாசிரியருக்கு இதில் என்ன வேலை என்ற சிரிப்புதான் பதிலாக வந்தது. பதிப்பியல் பயின்றோருக்கு இதில் நிறையவே வேலை உண்டு என்பது நம் கட்சி.

நிரலகம் என்பது பல மென்பொருள்கள் பொதுவாக எடுத்தாளும் நிரல்களின் தொகுதி. டெபியன், உபுண்டு போன்ற இயங்குதளங்களில் அதைப் புதுப்பிக்கும் பொறுப்பு ‘ஆப்ட்’ என்னும் பொதி மேலாளருடையது. ஒரு கட்டளை புதிய பட்டியலைக் கொணரும். மற்றொன்று பொதிகளை நிறுவும். பட்டியலின் மின்கையொப்பத்தையும் அதையொட்டிப் பொதிகளையும் அது சரிபார்த்துக்கொள்ளும். இரண்டு வரி வேலை. அதைச் செய்யாமலிருப்பதற்குத்தான் இத்தனை தத்துவம்!

எதிர்க்கட்சியாரிடம் வலுவான ஆயுதம் ஒன்று உண்டு. அதை மறைப்பது நேர்மையாகாது. 2006-இல் டெபியனின் பராமரிப்பாளர் ஒருவர், சோதனைக் கருவி எச்சரித்தது என்பதற்காக ஓப்பன்எஸ்எஸ்எல்லில் இரண்டு வரிகளை முடக்கினார். ஊகிக்கவியலாத எண்களை உருவாக்குவதற்கு உயிரான வரி அவற்றில் இருந்தது. விளைவு, ஒரே வகைக் கணினியில் ஒரே நீளத்தில் உருவாகும் சாவிகள் ஏறத்தாழ 32,768-க்குள் சுருங்கிப்போயின. குற்றம் வெளிப்பட்டது 2008 மே மாதத்தில். பொருள் விளங்காத சொல்லைப் பிழையென்று நீக்கிய பதிப்பாசிரியரின் கதைதான் இது. புதுப்பித்தவர்களே அன்று மாட்டிக்கொண்டார்கள் என்பது உண்மை. ஆனால் அந்தக் காயத்துக்கு மருந்து வந்த வழி எது? அதே பொதி மேலாளர் வழியேதான். தொடாமலிருந்தவர் அந்தப் பிழையோடேயே இருந்தார்.

அடுத்த வாதம், 2014 ஏப்ரலில் வெளிப்பட்ட ‘ஹார்ட்பிளீட்’ ஓட்டை. 2012 மார்ச்சில் வந்த 1.0.1 வரிசையில்தான் அது இருந்தது. ஒவ்வொரு கேள்விக்கும் சர்வரின் நினைவகத்திலிருந்து 64 கிலோபைட் வரை கசிந்தது. பழைய 0.9.8 வரிசையில் தங்கிவிட்டவர்கள் தப்பினார்கள். ‘பார்த்தீர்களா?’ என்கிறார்கள். பார்த்தோம். அதே ஆண்டு ஜூனில் வெளியான வேறோர் ஓட்டை, வாடிக்கையாளர் பக்கத்தில் 0.9.8 உட்பட எல்லா வரிசைகளையும் பிடித்ததையும் பார்த்தோம். 0.9.8-க்கான ஆதரவு 2015 இறுதியோடு நின்றதையும் பார்த்தோம். மழை பெய்யாத அன்று குடை மறந்தவன் தன்னைத் தீர்க்கதரிசி என்று சொல்லிக்கொள்ளலாகாது.

‘புதுப்பித்தால் எல்லாம் மாறிவிடும்’ என்ற அச்சத்துக்கும் ஆதாரம் குறைவு. ஹார்ட்பிளீட்டின்போது டெபியனின் நிலையான வெளியீடு புதிய பதிப்புக்குத் தாவவில்லை, 1.0.1e என்ற பழைய பதிப்பிலேயே பிழையை மட்டும் திருத்தித் தந்தது. மூலத்தைச் சிதைக்காமல் பிழைதிருத்தம் மட்டும் செய்வதென்றால் என்ன என்று நம் பதிப்பாளர்கள் இதைப் பார்த்துக் கற்கலாம்.

கட்டளையிட்டதும் கடமை முடிந்தது என்று நினைப்பவர்களோடும் நமக்குச் சண்டை உண்டு. ஓடிக்கொண்டிருக்கும் சேவைகள் பழைய நிரலகத்தையே நினைவில் வைத்திருக்கும். அவற்றை நிறுத்தித் திரும்பத் தொடங்கவேண்டும். 2008-இல் பலவீனமாகப் பிறந்த சாவிகள் நிரலகம் திருந்தியதால் திருந்திவிடவில்லை. அவற்றை எறிந்துவிட்டுப் புதிதாக உருவாக்க வேண்டியிருந்தது. ஹார்ட்பிளீட்டுக்குப் பிறகும் சாவிகளையும் சான்றிதழ்களையும் மாற்ற வேண்டியிருந்தது. பிழைதிருத்தப் பட்டியலை நூலின் கடைசிப் பக்கத்தில் ஒட்டிவிட்டு உள்ளே பிழையை அப்படியே விடுவதைத் திருத்தம் என்று நாம் ஒருபோதும் ஒப்புக்கொண்டதில்லை.

சர்வரில் இருப்பது நம் சொத்தன்று. நம்மை நம்பி விண்ணப்பப் படிவத்தில் வீட்டு முகவரி எழுதிக்கொடுத்த மாணவியின் அந்தரங்கம் அது. அவளைக் கேட்காமல் ‘தொடாதே’ என்று முடிவெடுக்கும் உரிமையை நமக்கு யார் கொடுத்தது? எச்சரிக்கை என்று அதற்குப் பெயர் சூட்டுகிறார்கள். சோம்பல் என்ற பழைய தமிழ்ச் சொல்லே அதற்குப் போதும்.