'பார்த்தாலே தெரியுது': 1908-ல் சிகாகோ போலீஸ் தலைவர் வீட்டில் இறந்த யூத இளைஞர்

அமெரிக்காவில் படிக்க விசா கேட்பவர்கள் சமூக வலைதளக் கணக்குகளை எல்லோரும் பார்க்கும்படி திறந்து வைக்கணும் என்று 2025 ஜூனில் உத்தரவு வந்தது. வெளிநாட்டவர் என்ன நினைக்கிறார் என்று தோண்டிப் பார்ப்பது அந்த நாட்டுக்குப் புதுசு இல்லை. நூறு வருஷத்துக்கு முன்னால் அந்தச் சந்தேகம் யூதர்கள் மேல் விழுந்தது.

சிகாகோவில் என்ன நடந்தது?

1908 மார்ச் 2, காலை நேரம். போலீஸ் தலைவர் ஜார்ஜ் ஷிப்பியின் வீட்டுக்குப் போனார் லாசரஸ் அவெர்புக். சுமார் 19 வயது. ரஷ்யப் பேரரசின் கிஷினேவ் நகரில் 1903-ல் யூதர்களைக் கொன்று குவித்தபோது உயிர் தப்பியவர். சிகாகோ வந்து சில மாதம்தான்; முட்டை பேக் செய்யும் வேலை. ஷிப்பி வீட்டுக்குள்ளேயே அவர் சுட்டுக் கொல்லப்பட்டார். ஷிப்பியின் மகனும் டிரைவரும் காயமடைந்தார்கள்.

ஆயுதத்தோடு தாக்க வந்தார், பார்த்ததுமே அனார்க்கிஸ்ட் என்று தோன்றியது என்றார் ஷிப்பி. அனார்க்கிஸ்ட் என்றால் அரசாங்கமே கூடாது என்பவர். ஆனால் அவெர்புக் எந்தச் சதியிலும் இருந்ததாக நிரூபணம் ஆகவில்லை. ரஷ்யாவில் வழக்கமாக வாங்குவது மாதிரி, போலீஸிடம் நன்னடத்தைச் சான்று கேட்கப் போயிருக்கலாம் என்ற விளக்கம் அப்போதே சொல்லப்பட்டது. எதுக்குப் போனார் என்பதற்கு இன்றுவரை உறுதியான பதில் இல்லை.

அவருடைய அக்கா ஓல்காவைப் பிடித்து விசாரித்தார்கள். உடலை அநாதைப் பிணங்களோடு புதைத்தார்கள். சமூக சேவகி ஜேன் ஆடம்ஸ் தலையிட்டு, ஹெரால்ட் இக்கிஸ் என்ற இளம் வக்கீலை ஏற்பாடு செய்தார். உடலைத் தோண்டி எடுத்து மறுபடி பரிசோதித்தார்கள். ஆனாலும் மரண விசாரணைக் குழு ஷிப்பி மேல் தப்பு இல்லை என்றது.

சட்டம் எங்கிருந்து வந்தது?

அதிபர் மெக்கின்லியை 1901-ல் சுட்ட லியோன் சோல்கோஸ் மிச்சிகனில் பிறந்தவர், அதாவது உள்ளூர்க்காரர். ஆனால் அதற்குப் பதிலாக வந்த 1903 சட்டம் வெளிநாட்டு அனார்க்கிஸ்ட்டுகளுக்குத்தான் கதவை மூடியது! உள்ளூர்க்காரரை எங்கே நாடு கடத்துவது?

சிகாகோ சம்பவத்துக்கு அடுத்து, போலீஸோடு சேர்ந்து அப்படிப்பட்டவர்களைத் தேடச் சொல்லி குடியேற்ற அதிகாரிகளுக்கு உத்தரவு போட்டவர் ஆஸ்கர் ஸ்ட்ராஸ். அமெரிக்க அமைச்சரவையின் முதல் யூதர், அவரே ஜெர்மனியிலிருந்து சின்ன வயசில் வந்தவர். 'ஒருத்தனால் எல்லாருக்கும் கெட்ட பேர்' என்ற பயம் வசதியான யூதர்களிடமும் இருந்த காலம் அது. 1919 டிசம்பரில் எம்மா கோல்ட்மன் உட்பட 249 பேரை ஒரே கப்பலில் ஏற்றி ரஷ்யாவுக்கு அனுப்பினார்கள்.

இப்போது?

2025 மார்ச்சில் நியூயார்க்கில் மஹ்மூத் கலீல் கைதானார். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் பாலஸ்தீன ஆதரவுப் போராட்டங்களில் முன்னால் நின்றவர். கிரீன் கார்டு வைத்திருந்தவர். கிரிமினல் வழக்கு எதுவும் இல்லை. அவர் இருப்பது வெளியுறவுக் கொள்கைக்கு இடைஞ்சல் என்றார் வெளியுறவு அமைச்சர் மார்கோ ரூபியோ. அதற்குச் சொன்ன ஒரு காரணம், யூத வெறுப்பை எதிர்ப்பது. இதைக் கண்டித்து நியூயார்க்கில் தெருவில் இறங்கியவர்களில் யூதர்களும் இருந்தார்கள். ஜூனில் நீதிமன்ற உத்தரவால் கலீல் வெளியே வந்தார். வழக்கு அதோடு முடியவில்லை.