இல்லாத ஊரின் இசை

மிகுபுனைவு என்றதும் சிற்றிதழ் வாசகர்களிடையே ஒரு புன்னகை எழுவதை நாம் அறிவோம். டிராகன்களும் மந்திரக்கோல்களும் சிறுவர்களுக்கானவை, தீவிர வாசகனுக்கு அங்கே என்ன வேலை என்பதே அதன் பொருள். அந்தப் புன்னகைக்குக் காரணமில்லாமலும் இல்லை. கற்பனை நாடொன்றில் முடிசூட்டு விழாவோ ஈமச்சடங்கோ வந்துவிட்டால், ‘இதுவரை எவரும் கேட்டிராத இசை எழுந்தது’ என்று ஒற்றை வரியில் தாண்டிச் செல்லும் நாவல்கள் ஏராளம். கருவி எது, யார் வாசிக்கிறார்கள், யாருக்கு வாசிக்க உரிமையில்லை, ஏன் இன்று வாசிக்கிறார்கள் என்ற கேள்விகளுக்கு அங்கே பதில் கிடையாது. நாடக மேடையின் பின்னால் தொங்கும் படுதாவைப் போல இசை தொங்கிக்கொண்டிருக்கிறது.

ஆனால் படுதாக்களைக் காட்டி ஒரு வடிவத்தையே தள்ளிவைப்பது விமர்சனமாகாது, சோம்பல் மட்டுமே.

உர்சுலா லெ குவின் 1985இல் வெளியிட்ட ‘ஆல்வேஸ் கமிங் ஹோம்’ என்ற நூலை எடுத்துக்கொள்வோம். இன்னும் பிறக்காத கெஷ் என்னும் மக்கள், தொலைதூர எதிர்காலத்து வடக்குக் கலிபோர்னியாவின் பள்ளத்தாக்கு ஒன்றில் வாழ்கிறார்கள். அவர்களுக்கு மொழியும் நாட்காட்டியும் சமையற்குறிப்புகளும் உண்டு. இசையும் உண்டு. டாட் பார்ட்டன் அமைத்த அந்த இசை ஒலிநாடாவாக நூலோடு சேர்த்தே வெளிவந்தது. ஏழடி நீள ஊதுகொம்பையும் எலும்புக் குழலையும் நூலாசிரியர் கற்பனை செய்ய, பார்ட்டன் அவற்றை உருவாக்கினார். இதை வணிக உத்தி என்று எளிதில் சொல்லிவிடலாம். நாம் மறுக்கிறோம். ‘இசை எழுந்தது’ என்று எழுத ஒரு வரி போதும். அதைக் கேட்க வைக்க ஒரு சமூகத்தையே சிந்தித்திருக்க வேண்டும்.

டோல்கீனின் ‘சில்மரிலியன்’ (1977) உலகமே இசையிலிருந்து பிறப்பதாகத் தொடங்குகிறது. மகத்தான படிமம்தான், ஆனால் அது தேவர்களின் இசை. கெஷ் மக்களுடையது ஊராரின் இசை. இறப்பவருக்கான பாடல்களை அவர்கள் உயிரோடிருக்கும்போதே கற்றுக்கொள்கிறார்கள். சாகக் கிடப்பவர் தம்மால் இயன்றவரை பாடுகிறார், உடனிருப்பவர்கள் சேர்ந்து பாடுகிறார்கள். இங்கே இசைக்கு ஒரு கடமை இருக்கிறது. அதை நீக்கினால் அந்த ஊரில் ஒருவர் சாவதற்கே வழி தெரியாமல் போகும். கற்பனைச் சடங்கிசையை மதிப்பிட நாம் முன்வைக்கும் அளவுகோல் இதுவே: அதை எடுத்துவிட்டால் அந்த உலகில் எது நின்றுபோகிறது? எதுவும் நிற்கவில்லையென்றால் அது படுதா.

இதைவிடக் கடுமையான ஆட்சேபம் ஒன்றுண்டு. உண்மையான பூர்வகுடிகள் வாழ்ந்து, கொல்லப்பட்டு, விரட்டப்பட்ட மண்ணில் ஒரு வெள்ளை எழுத்தாளர் கற்பனைக் குடியை நட்டு அதற்குச் சடங்கும் பாட்டும் கொடுக்கலாமா? இக்கேள்வியைத் தட்டிக்கழிக்க நமக்கு உரிமையில்லை. லெ குவினின் தந்தை ஆல்பிரட் குரோபர் மானுடவியலாளர். யாஹி இனத்தில் எஞ்சிய கடைசி மனிதராகக் கருதப்பட்ட இஷி 1911இல் வெளியுலகுக்கு வந்தபோது, குரோபரும் சகாக்களும் அவருடைய குரலை மெழுகு உருளைகளில் பதிந்தார்கள். 1916இல் காசநோயால் இஷி இறந்தார். பாடல்கள் உருளைகளில் தங்கின. அவற்றைச் சேர்ந்து பாட வேண்டியவர்கள் இல்லை. இஷியின் வரலாற்றை 1961இல் நூலாக எழுதியவர் லெ குவினின் தாய் தியோடரா.

அந்த வீட்டில் வளர்ந்தவருக்கு உண்மைப் பாடல்களை எடுத்தாள்வது எளிது. அவர் அப்படிச் செய்யாமல் ஒவ்வொன்றையும் புதிதாகப் புனைந்தார். பிறருடைய புனிதப் பாட்டைக் கதைக்கு அலங்காரமாக்குவதைவிட, இல்லாத பாட்டை உண்டாக்குவது நேர்மையானது என்கிறோம். இதனால் கடன் தீர்ந்துவிட்டது என்று நாம் வாதிடவில்லை. கெஷ் மக்களின் வாழ்வில் பூர்வகுடிகளின் சாயல் படிந்திருக்கிறது. அதைப் பார்க்காமல் அந்நூலைப் புகழ்வது அரைகுறை வாசிப்பு.

லெ குவின் 2018 ஜனவரியில் மறைந்தார். அதே ஆண்டு அந்த ஒலிநாடா இசைத்தட்டாக மறுபடி வெளிவந்தது. கேட்டுப் பாருங்கள். எந்த ஊரிலும் இல்லாத அந்தக் கொம்பொலி முடிந்தபின், மெழுகு உருளைக்குள் தனியே பாடிக்கொண்டிருக்கும் ஒரு மனிதரின் நினைவு வரும். அதன் பிறகும் அந்தப் புன்னகை மிஞ்சுகிறதா என்று பேசலாம்.